நாற்பத்தோராவது கொத்தளம்

கீரிக்கரட்டில் நான் ஆறடி.
எதிரே வருகிறவன் செருப்பைக் கழற்றிக்
கக்கத்தில் இடுக்கிக்கொள்வான்.
மடைத் தண்ணீர், ஓடிப்போன பெண், களவுபோன காளை
எல்லாவற்றுக்கும் என் வாயில்தான் தீர்ப்பு.
சில நாள் என்னை அறியாமல்
நல்ல தீர்ப்பாகவும் அமைந்துவிடும்.

மதுரைக்குக் கிளம்பினால்
நாகமலை தாண்டும்போதே ஒரு சாண் குறைவேன்.
மேற்கு வாசலில் பல்லக்கை நிறுத்திப் பேர் கேட்பான்,
போன வருடம் கேட்ட அதே ஆள்.
ஒச்சாத்தேவன், கீரிக்கரட்டுப் பாளையம்.
ஏட்டைப் புரட்டுவான். புரட்டிக்கொண்டே இருப்பான்.
ராயசக்காரர் முற்றத்தில்
பகுதிப்பணப் பையோடு நிற்கையில்
என் குடைக்காரன்
என்னைக் குனிந்து பார்ப்பதுபோல இருக்கும்.

சுவரில் எழுபத்திரண்டு கொத்தளம்.
எனக்கு நாற்பத்தோராவது.
பாட்டன் வாங்கிய செப்பேட்டின்படி
பகை வந்தால் இந்த இடத்தில் நின்று சாக
என் வம்சத்துக்கு மட்டுமே பாத்தியதை.
பகை இதுவரை வரவில்லை.
குரங்கு வந்தது.
ஒரு கோடையில் தேனீ வந்தது,
அதில் ஓர் ஆளை இழந்தேன்.

அர்த்தசாம மணி ஓய்ந்தபின்
அகழித் தவளைகள் தொடங்கும்.
மேற்கே, என் கரடு இருக்கும் திக்கில் மின்னும்.
மழை என் கண்மாயிலா, பக்கத்துப் பாளையத்திலா,
இங்கிருந்து சொல்ல முடியாது.

மாயனை ஏழு வயதில் அரண்மனைக்கு அனுப்பினேன்.
விருந்தாளி என்று பேர்.
நான் ஒழுங்காக இருக்கும்வரை அவன் இருப்பான்.
பெற்றவளுக்கு வருடம் ஓர் ஓலை.
கையெழுத்து அழகாகிக்கொண்டே வருகிறது,
சேதி சுருங்கிக்கொண்டே.

இந்த வருடம் ஆள் எண்ண அவனையே அனுப்பிவிட்டார்கள்.

நூறு பேர் நிற்க வேண்டும்.
அம்மையில் பதினோரு பேர் போனார்கள்.
இன்னும் பதினோரு பேர் கூலி நெல் காணாமல்
சேதுச் சீமைக்கு நடந்துவிட்டார்கள்.
இருபத்திரண்டு ஆட்டுக்காரர்களுக்குத் தலைப்பாகை கட்டி
இடையிடையே நிறுத்தியிருந்தேன்.
ஈட்டி போதவில்லை,
தொரட்டி அரிவாளை நிமிர்த்திச் செருகினோம்.

பட்டு அங்கி, காதில் முத்து.
பாளையக்காரரே, என்றான் தெலுங்கில்.
வரிசையில் நடந்தான்,
ஒவ்வொருவர் முன்னும்
சுண்டுவிரலால் காற்றைத் தொட்டபடி.

அறுபத்து மூன்றாவது ஆள் செவத்தான்.
கண்மாயில் இவனை முதுகில் சுமந்து
நீச்சல் பழக்கியவன்.
ஓநாய் தின்ற பாதிக் காதை மறைக்கத்
தலைப்பாகையை இறக்கிக் கட்டியிருந்தேன்.
கிடையின் வாடையை எதைக் கொண்டு கட்டுவது?

மாயன் நின்றான்.
செவத்தான், முட்டாள், சிரித்துவிட்டான்.

விட்ட எண்ணைத் தேடுகிறவன்போல
மாயன் கொஞ்ச நேரம் சுவருக்கு அப்பால் பார்த்தான்.
பிறகு மிச்சத்தை எண்ணவில்லை.
பீரங்கிக் கல்லில் உட்கார்ந்து
எழுத்தாணியை எடுத்தான்.
ஓலையை என் பக்கம் நீட்டினான்.
அந்த எழுத்து எனக்குத் தெரியாது, எண் தெரியும்.
நூறு.

வெற்றிலை வாங்கிக்கொள்ளவில்லை.
படியிறங்கும்போது அங்கியைத் தூக்கிப் பிடித்த விதம்
அவன் அம்மா ஓடை தாண்டுவதுபோல இருந்தது.

எனக்காக எழுதினானா?
இல்லை, எழுபத்திரண்டு கொத்தளத்துக்கும்
இப்படித்தான் எழுதிப் பழகிவிட்டானா?
எனக்காக என்றால்
இன்றிலிருந்து அவன் கழுத்துக்கு நான் பயப்பட வேண்டும்.
பழக்கம் என்றால் பயமே இல்லை,
பிழைத்துக்கொள்வான்.
ஒச்சாண்டம்மா,
இரண்டில் எதை உன்னிடம் வேண்டுவது?

இருட்டில் செவத்தான் வந்து தலையைச் சொறிந்தான்.
கம்பைக் கீழ வைக்கலாமா சாமி?
ஆடு தனியா நிக்கும்.

இன்னும் நாற்பது நாள் இருக்கு, என்றேன்.